வெப்பக்காற்று அடுப்பில் கேழ்வரகு பிஸ்கட்

(உழவர் தின விழாவின் மனையியல் அமர்வில் உழவியல் விரிவுரையாளர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



உழவியல் படித்தவன் பிஸ்கட்டைப் பற்றிப் பேச வந்திருக்கிறானே என்று உங்களில் சிலர் வியக்கக்கூடும். சென்ற பருவத்தில் ஒரு கிராமக் கூட்டத்தில் கேழ்வரகில் களைக் கட்டுப்பாடு பற்றிப் பேசிக் கொண்டிருந்தேன். பேச்சு முடிந்ததும் ஒரு தாய் எழுந்து, "களை எடுக்கிறதெல்லாம் எங்களுக்குத் தெரியும் சார். எம் மவன் பட்டணத்திலிருந்து ஏர் பிரையர்னு ஒண்ணு வாங்கி அனுப்பியிருக்கான். அது கட்டிலுக்கடியில கெடக்குது. அதில நம்ம கேழ்வரகுல பிஸ்கட் சுட முடியுமா, அதச் சொல்லுங்க" என்று கேட்டார்கள். எனக்கு விடை தெரியவில்லை. தெரிந்து கொண்டு வந்து சொல்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். பிறகு என் வீட்டிலும், எங்கள் கல்லூரிக்கு அருகிலுள்ள ஒரு கிராமத்து மகளிர் குழுவினருடனும் சில மாதங்கள் செய்து பார்த்தேன். அதில் கற்றதையும், தவறிய இடத்தையும் ஒளிக்காமல் இன்று உங்கள் முன் வைக்கிறேன்.

அடுப்பின் அமைப்பு

ஏர் பிரையர் என்பது பெயரளவில்தான் பொரிக்கும் சாதனம். உண்மையில் அது ஒரு சிறிய வெப்பக்காற்று அடுப்பு. மேற்புறம் ஒரு மின்கம்பிச் சுருளும், அதற்கு மேல் ஒரு விசிறியும் உள்ளன. சுருளில் சூடாகும் காற்றை விசிறி கீழ்நோக்கித் தள்ளுகிறது. துளைகள் உள்ள கூடையைச் சுற்றி அக்காற்று விரைவாகச் சுழல்கிறது. 2010ஆம் ஆண்டு பிலிப்ஸ் நிறுவனம் இதை முதலில் விற்பனைக்குக் கொண்டு வந்தது. இப்போது பல நிறுவனங்கள் செய்கின்றன.

நம் வீடுகளில் குக்கரிலோ பழைய பானையிலோ மணல் அல்லது உப்பைப் பரப்பி, அதன் மேல் தட்டு வைத்துக் கேக் சுடும் வழக்கம் உண்டு. அதில் வெப்பம் கீழிருந்து வருகிறது. ஆகவே அடி முதலில் சிவக்கும். இந்த அடுப்பில் வெப்பம் மேலிருந்து வருவதால் மேற்புறம் முதலில் சிவக்கும். மேலும், அசையாமல் நிற்கும் சூட்டைவிட ஓடும் காற்றின் சூடு பொருளில் விரைவாக ஏறும். வெயிலில் மட்டும் காயும் தானியத்தைவிட, வெயிலும் காற்றும் சேர்ந்து அடிக்கும் களத்தில் தானியம் சீக்கிரம் காய்வதைப் போன்றது இது. ஆகவே பேக்கரி அடுப்புக்கு 175 முதல் 180 டிகிரி செல்சியஸ் என்று குறித்திருந்தால், இதில் 150 முதல் 155 டிகிரி போதுமானது. இந்த ஒரு விவரம் தெரியாமல்தான் பலர் முதல் ஈட்டைக் கருக்கிவிடுகிறார்கள்.

மின் இணைப்பில் கவனம்

பெரும்பாலான வீட்டு அடுப்புகள் 1,400 முதல் 1,700 வாட் வரை மின்சாரம் எடுப்பவை. 1,500 வாட் என்றால் ஏறத்தாழ ஆறரை ஆம்பியர். ஆகவே விளக்கு, விசிறிக்கு உரிய 6 ஆம்பியர் பிளக்கில் இதைச் செருகலாகாது. 16 ஆம்பியர் பவர் பிளக்கில், எர்த் கம்பி சரியாக இருக்கிறதா என்று பார்த்துச் செருக வேண்டும். நீட்டுக் கம்பியில் இணைத்துத் திண்ணையில் வைத்துச் சுடுவது ஆபத்து. பம்புசெட்டுக்குத் தந்துள்ள இலவச மின் இணைப்பில் இதை ஓட்டுவதும் முறையன்று.

மாலை வேளையில் கிராமங்களில் மின்னழுத்தம் குறைவது நாம் அறிந்ததே. 230 வோல்ட் வர வேண்டிய இடத்தில் 190 வோல்ட் வந்தால், சுருளின் சூடு மூன்றில் இரண்டு பங்காகக் குறைந்துவிடும். அடுப்பு நினைத்த சூட்டை அடைய அதிக நேரம் பிடிக்கும். காலையில் 12 நிமிடத்தில் வெந்த அதே பிஸ்கட் மாலையில் வேகவில்லை என்றால் மாவைக் குறை சொல்ல வேண்டாம். கூடியவரை காலையிலோ நண்பகலிலோ சுடுவது நல்லது.

கேழ்வரகின் தன்மை

100 கிராம் கேழ்வரகில் 340 மில்லிகிராமுக்கு மேல் சுண்ணாம்புச் சத்து உள்ளது. நம் தானியங்களில் வேறு எதிலும் இவ்வளவு இல்லை. கொழுப்பு 2 கிராமுக்கும் குறைவு. ஆகவே மாவு எளிதில் சிக்கு வாடை அடிக்காது. பிஸ்கட் பழகத் தொடங்குபவர்களுக்கு இதைவிட ஏற்ற சிறுதானியம் இல்லை என்பது என் கருத்து.

ஆனால் கோதுமையில் உள்ள பசைப்புரதம் கேழ்வரகில் கிடையாது. கோதுமை மாவைப் பிசைந்தால் இழுபடும். கேழ்வரகு மாவைப் பிசைந்தால் உதிரும். எனவே மூன்றில் ஒரு பங்கு கோதுமை மாவு சேர்த்துச் செய்வது தொடக்கத்தில் எளிது. கோதுமை வேண்டாம் என்பவர்கள் அதற்குப் பதில் பொட்டுக்கடலை மாவு சேர்க்கலாம். அப்போது பிஸ்கட்டைச் சற்றுக் கனமாகத் தட்ட வேண்டும். எடுக்கும்போது உடையும் என்பதையும் எதிர்பார்க்க வேண்டும்.

பிஸ்கட்டின் தரம் அடுப்பில் தொடங்குவதில்லை, களத்தில் தொடங்குகிறது. தார்ச் சாலையில் கதிரைப் பரப்பி வண்டிகள் ஏறிப் போகவிட்டுத் தாள் பிரிக்கும் பழக்கம் நம்மிடையே இன்னும் இருக்கிறது. அந்தக் கேழ்வரகில் களி கிண்டினால் மண் அவ்வளவாகத் தெரியாது. பிஸ்கட்டில் ஒரு மணல் துகள் பல்லில் பட்டாலும் சாப்பிடுபவர் இரண்டாவது பிஸ்கட்டை எடுக்க மாட்டார். ஆகவே இதற்கென ஒதுக்கும் கேழ்வரகைத் தார்ப்பாய் விரித்த களத்தில் அடித்து, தூற்றி, கழுவிக் கல் அரித்து, நன்கு காயவைத்து அரைக்க வேண்டும். மாவை நைஸாக அரைத்து இரு முறை சலித்துக் கொள்ள வேண்டும்.

தேவையான பொருட்கள்

கீழ்க்கண்ட அளவில் 20 கிராம் எடையுள்ள 16 உருண்டைகள் கிடைக்கும்.

கேழ்வரகு மாவு – 100 கிராம்
கோதுமை மாவு – 50 கிராம்
வெல்லத்தூள் அல்லது நாட்டுச் சர்க்கரை – 75 கிராம்
நெய் அல்லது வெண்ணெய் – 75 கிராம்
பேக்கிங் பவுடர் – அரைத் தேக்கரண்டி
உப்பு – ஒரு சிட்டிகை
ஏலக்காய் – 2 காய், பொடித்தது
பால் – ஒன்று அல்லது இரண்டு மேசைக்கரண்டி, தேவைக்கேற்ப

கையளவு, கண்ணளவு இதில் உதவாது. ஒரு சிறிய எடைக்கருவி அவசியம். உரத்தை அளந்து போடும் நாம் மாவையும் அளந்து போடுவதில் சிரமம் இல்லை.

செய்முறை

முதலில் கேழ்வரகு மாவை மெல்லிய தீயில் வாணலியில் ஐந்தாறு நிமிடம் வாசம் வரும் வரை வறுக்க வேண்டும். இதனால் பச்சை வாடை போகும். வறுத்த மாவு முழுதும் ஆறிய பிறகே கலக்க வேண்டும். சூடான மாவில் நெய் உருகி, பிஸ்கட் சுடும்போது பரவிச் சப்பையாகிவிடும்.

உறைந்த நெய்யையும் வெல்லத்தூளையும் ஒரு பாத்திரத்தில் இட்டு, நிறம் வெளுத்து மென்மையாகும் வரை நன்றாகக் குழைக்க வேண்டும். மாவுகள், பேக்கிங் பவுடர், உப்பு, ஏலப்பொடி ஆகியவற்றைச் சேர்த்துச் சலித்து இதில் கொட்டி விரல் நுனியால் கலக்க வேண்டும். சப்பாத்தி மாவு போல் அழுத்திப் பிசையக் கூடாது. அப்படிப் பிசைந்தால் கோதுமையின் பசை இறுகி, பிஸ்கட் கல் போலாகும். கையில் பிடித்தால் பிடியாக நிற்கும் அளவுக்குப் பாலைச் சிறிது சிறிதாகத் தெளித்துச் சேர்க்க வேண்டும்.

பிறகு பாத்திரத்தை மூடி அரை மணி நேரம் வைக்க வேண்டும். கேழ்வரகின் மேல்தோல் ஈரத்தை மெதுவாகத்தான் உறிஞ்சும். இந்த அரை மணி நேரத்தை விட்டுவிட்டால் பிஸ்கட் உதிரும். சித்திரை, வைகாசி வெயிலில் நெய் உருகி மாவு தளர்ந்தால், பாத்திரத்தைக் கால் மணி நேரம் குளிர்பதனப் பெட்டியில் வைத்து எடுக்கலாம்.

அடுப்பை 160 டிகிரியில் வெறுமையாக மூன்று நிமிடம் ஓடவிட்டுச் சூடேற்ற வேண்டும். இதற்குள் மாவை 20 கிராம் உருண்டைகளாக்கி, ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டர் கனத்தில் வட்டமாகத் தட்டிக் கொள்ளலாம். 4 லிட்டர் அளவுள்ள கூடையில் ஒரு ஈட்டுக்கு 8 பிஸ்கட் வைக்கலாம். ஒன்றுக்கொன்று ஒரு விரல் இடைவெளி வேண்டும். பயிருக்குப் பயிர் இடைவெளி விடுவது எதற்கோ, அதற்குத்தான் இதுவும். நெருக்கி வைத்தால் காற்றோட்டம் தடைப்பட்டு நடுவிலுள்ளவை வேகாது. இன்னும் இரண்டு வைக்கலாமே என்ற ஆசையில் எட்டும் கெட்டுவிடும்.

பிஸ்கட்டுக்கு அடியில் பேக்கிங் பேப்பர் இடுவதானால், கூடையைவிடச் சிறிதாக வெட்டி, அங்கங்கே துளையிட்டு, அதன் மேல் பிஸ்கட்டுகளை அடுக்கிய பின்பே உள்ளே வைக்க வேண்டும். வெறும் காகிதத்தை உள்ளே வைத்து அடுப்பை ஓட்டவே கூடாது. விசிறிக் காற்றில் காகிதம் மேலே பறந்து சிவந்த சுருளில் ஒட்டித் தீப்பிடிக்கும். என் வீட்டில் முதல் நாளே இது நடந்தது. புகை வந்ததும் பிளக்கைப் பிடுங்கியதால் ஓர் ஓரம் கருகியதோடு தப்பித்தேன். செய்தித்தாளை ஒருபோதும் பயன்படுத்தலாகாது. அதன் மை உணவில் ஏறும்.

சூட்டை 150 டிகிரிக்குக் குறைத்து 12 நிமிடம் சுட வேண்டும். ஏழாவது நிமிடத்தில் கூடையை இழுத்து, முன்புறத்தில் உள்ளவற்றைப் பின்புறமாக விரைவாகத் திருப்பி வைத்தால் எல்லாம் ஒரே சீராக வேகும். அடுத்த ஈட்டுக்கு மீண்டும் சூடேற்றத் தேவையில்லை. கூடை ஏற்கெனவே சூடாக இருப்பதால் ஒரு நிமிடம் குறைத்து வைத்தால் போதும்.

பக்குவம் அறியும் விதம்

மைதா பிஸ்கட்டின் பக்குவத்தை நிறத்தைப் பார்த்துச் சொல்லிவிடலாம். கேழ்வரகு மாவோ முதலிலேயே பழுப்பு நிறம். வெல்லமும் சேர்ந்தால் இன்னும் கருமை. ஆகவே நிறத்தை நம்பினால் ஏமாந்து போவோம். இதற்கு மூன்று அடையாளங்கள் உண்டு. ஓரத்தை விரலால் மெல்லத் தொட்டால் உறுதியாகவும், நடுப்பகுதி சற்று அமுங்குவதாகவும் இருக்க வேண்டும். அடிப்புறம் ஈரமின்றி எளிதாகப் பெயர்ந்து வர வேண்டும். மணம் வறுத்த கேழ்வரகின் மணமாக இருக்க வேண்டும். வெல்லம் கருகும் நெடி வந்தால் ஒரு நிமிடம் தாண்டிவிட்டது என்று பொருள்.

அடுப்பிலிருந்து எடுத்தவுடன் பிஸ்கட் மெத்தென்றுதான் இருக்கும். வேகவில்லை என்று எண்ணி மீண்டும் உள்ளே தள்ள வேண்டாம். கூடையை வெளியே இழுத்து ஐந்து நிமிடம் அப்படியே விட்டு, பிறகு கம்பி வலையிலோ சல்லடை மேலோ பரப்பி ஆறவிட வேண்டும். ஆறும்போதுதான் நெய்யும் வெல்லமும் இறுகி மொறுமொறுப்பு வரும். முக்கால் மணி நேரம் ஆறிய பிறகே டப்பாவில் அடைக்க வேண்டும். ஈரநெல்லை மூட்டை கட்டினால் என்னவாகும் என்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. சூடான பிஸ்கட்டை அடைத்தாலும் அதுவே நேரும்.

குறைகளும் நிவர்த்தியும்

மேற்புறம் கருகி உள்ளே மாவாக இருந்தால்: சூடு அதிகம். 10 டிகிரி குறைத்து, இரண்டு மூன்று நிமிடம் கூட்டவும்.

பரவிச் சப்பையானால்: நெய் உருகியிருந்தது அல்லது அளவு மிஞ்சியது. மாவைக் குளிரவைத்துத் தட்டவும்.

உதிர்ந்து போனால்: மாவு கொரகொரப்பாக உள்ளது அல்லது ஈரம் போதவில்லை. மீண்டும் சலித்து, ஒரு கரண்டி பால் கூட்டி, அரை மணி நேரம் ஊறவிடவும்.

கல் போல் இறுகினால்: அழுத்திப் பிசைந்தது அல்லது அதிக நேரம் சுட்டது காரணம்.

சோப்பு போல் சுவைத்தால்: பேக்கிங் பவுடருக்குப் பதில் ஆப்பச் சோடாவை அதே அளவு போட்டது காரணம்.

நமத்துப் போனால்: வெல்லம் காற்றின் ஈரத்தை இழுக்கும் குணமுடையது. ஐப்பசி, கார்த்திகை மழைக்காலத்தில் இத்தொல்லை மிகுதி. 120 டிகிரியில் நான்கைந்து நிமிடம் மீண்டும் சூடேற்றி ஆறவைத்தால் மொறுமொறுப்பு திரும்பும். நல்ல பிஸ்கட்டில் ஈரம் நூற்றுக்கு ஐந்து பங்குக்கு மேல் இருக்கலாகாது.

கம்பில் கற்ற பாடம்

இப்போது நான் தவறிய இடத்திற்கு வருகிறேன்.

கேழ்வரகு பிஸ்கட் நன்றாக வந்ததைப் பார்த்து, முன்சொன்ன மகளிர் குழுவினர் கம்பிலும் செய்ய விரும்பினார்கள். அவர்கள் ஊரில் கம்புதான் அதிகம். நானும் ஊக்கம் கொடுத்தேன். மில்லுக்கு அடிக்கடி நடக்க வேண்டாம், பத்துக் கிலோவை ஒரே தடவையில் அரைத்து வைத்துக் கொள்ளுங்கள் என்றும் சொன்னேன். அப்படியே செய்தார்கள். பத்து நாள் கழிந்த மாவில் பிஸ்கட் சுட்டு, 40 பொட்டலங்கள் கட்டி, அருகிலிருந்த கடைகளில் கொடுத்தார்கள். சுட்ட அன்று நானும் சாப்பிட்டேன், சுவையாகவே இருந்தது. பெரிய அடுப்பு ஒன்று வாங்கக் கடனுக்கு மனு எழுதும் பேச்சும் அந்த வாரமே தொடங்கிவிட்டது.

எட்டாம் நாள் பொட்டலங்கள் திரும்பி வரத் தொடங்கின. பிரித்துப் பார்த்தால் சிக்கு வாடை. வாயில் வைத்தால் கசப்பு. கடைக்காரர்கள் இனிமேல் எதுவும் கொண்டு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். எங்கே தவறு என்று எல்லோரும் கூடிப் பேசியபோது, குழுவில் மூத்த அம்மா ஒருவர் என்னைப் பார்த்துச் சொன்னார்கள்: "தம்பி, கம்பு மாவை நாங்க என்னைக்குமே சேத்து வச்சதில்ல. எங்க மாமியா காலத்துல அன்னாடம் இடிச்சு அன்னாடம் ஆக்குறதுதான். நீங்க மொத்தமா அரைக்கச் சொன்னீங்க. படிச்சவங்க சொல்றாங்களேன்னு அரைச்சோம்."

என்னால் பதில் சொல்ல முடியவில்லை. கம்பு மணியில் முளைப்பகுதி பெரிது. அதனால் 100 கிராம் கம்பில் ஏறத்தாழ 5 கிராம் கொழுப்பு இருக்கிறது. மணி முழுதாக இருக்கும் வரை அந்தக் கொழுப்பு பத்திரமாக இருக்கும். அரைத்தவுடன் மணிக்குள் இருக்கும் நொதி கொழுப்போடு கலந்து அதைச் சிதைக்கத் தொடங்குகிறது. காற்றும் சேர்ந்து சில நாட்களில் கசப்பும் சிக்கும் உண்டாகின்றன. அடுப்பின் சூட்டில் நொதி அழிந்துவிடும். ஆனால் அதற்கு முன் பத்து நாளில் மாவில் நடந்த கேடு அழியாது. வெல்லமும் ஏலக்காயும் அதை ஒரு வாரம் மறைத்து வைத்தன, அவ்வளவே. இவையெல்லாம் நூல்களில் உள்ளவைதான். விதைப்பு முதல் அறுவடை வரை என் பாடம் என்று இருந்த நான் அதற்கு அப்பால் பார்க்கவில்லை. அந்த அம்மாவிடம் முதலில் கேட்டிருந்தால், நூல் இல்லாமலே தெரிந்திருக்கும்.

இதற்கு வழி உண்டு. சுத்தம் செய்த கம்பை, அதைப் போல் ஐந்து மடங்கு கொதிக்கும் நீரில் கொட்டி, அரை நிமிடம் கிளறி, உடனே வடித்து, கடித்தால் கடுக்கென்று உடையும் வரை வெயிலில் உலர்த்தி, பிறகு அரைக்க வேண்டும். கொதிநீரின் சூட்டில் நொதி செயலிழந்து விடுவதால் மாவு கெடுவது வெகுவாகத் தள்ளிப் போகும். அப்படிச் செய்த மாவையும் தேவைக்கு மட்டும் அரைத்து, காற்றுப் புகாத டப்பாவில் வைத்துச் சீக்கிரம் பயன்படுத்துவதே நல்லது. இம்முறையில் செய்த கம்பு பிஸ்கட்டைக் குழுவினர் இப்போது வீட்டளவில் செய்கிறார்கள். கடைக்காரர்களின் நம்பிக்கையைத் திரும்பப் பெற இன்னும் நாளாகும்.

மாதிரிப் பாத்தி

அன்று நட்டம் 40 பொட்டலங்களோடு நின்றது. பெரிய அடுப்பு வாங்கிய பிறகு இது நடந்திருந்தால், கடன் தவணையும் சேர்ந்து அந்தக் குடும்பங்களை வாட்டியிருக்கும். இதைத்தான் நான் உங்களுக்கு அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். இச்சிறிய அடுப்பைத் தொழிற்சாலையாக எண்ணாமல், மாதிரிப் பாத்தியாக எண்ணுங்கள். புதிய இரகம் வந்தால் முழு நிலத்திலும் விதைத்துவிடுகிறோமா? ஒரு பாத்தியில் போட்டு, பக்கத்தில் பழைய இரகத்தையும் போட்டு, ஒப்பிட்டுப் பார்த்த பிறகல்லவா அடுத்த பருவத்தில் ஏக்கருக்குப் போகிறோம்?

அதே முறையை இங்கும் கையாளலாம். ஒரு சமயத்தில் ஒன்றை மட்டும் மாற்ற வேண்டும். வெல்லத்தைக் குறைத்தால் அன்று சூட்டையும் நேரத்தையும் மாற்றக் கூடாது. இரண்டையும் சேர்த்து மாற்றினால் எதனால் நன்மை, எதனால் கேடு என்று தெரியாது. ஒரு நோட்டில் நாள், மாவு அரைத்த தேதி, எடைகள், சூடு, நேரம் ஆகியவற்றை எழுத வேண்டும். ஒவ்வொரு ஈட்டிலும் நான்கு பிஸ்கட்டைத் தனியே அடைத்துத் தேதி எழுதி வைத்து, முதல் நாள், ஏழாம் நாள், பதினைந்தாம் நாள், முப்பதாம் நாள் ஒவ்வொன்றாக உண்டு பார்க்க வேண்டும். முப்பது நாள் நம் வீட்டு அலமாரியில் தாங்காத பண்டம் கடை அலமாரியில் தாங்காது. விதைக்கும் முன் நூறு விதையை எண்ணி முளைப்புத் திறன் பார்ப்பது போன்றது இச்சோதனை.

கணக்கு

2023ஆம் ஆண்டை ஐக்கிய நாடுகள் சபை பன்னாட்டுச் சிறுதானிய ஆண்டாக அறிவித்தது. அது முதல் சிறுதானிய பிஸ்கட் செய்தால் கேழ்வரகுக்கு நல்ல விலை கிடைத்துவிடும் என்ற பேச்சைப் பல இடங்களில் கேட்கிறேன். கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

2025-26ஆம் பருவத்திற்கு மத்திய அரசு அறிவித்த குறைந்தபட்ச ஆதரவு விலை கேழ்வரகுக்குக் குவிண்டாலுக்கு 4,886 ரூபாய். அந்த விலையில் நம் கலவையில் உள்ள 100 கிராம் கேழ்வரகின் மதிப்பு 5 ரூபாய்கூட இல்லை. நெய் கிலோ 600 ரூபாய் என்று வைத்துக் கொண்டால் 75 கிராமுக்கு 45 ரூபாய் ஆகிறது. அதாவது கேழ்வரகைப் போல் ஒன்பது மடங்கு. நாம் விற்பது கேழ்வரகு பிஸ்கட் என்றாலும், முதலீடு நெய்யில்தான் போகிறது. வீட்டில் கறவை மாடு உள்ளவர்களுக்கு இதில் ஒரு சாதகம் உண்டு. நெய்யைக் கடையில் வாங்கிச் செய்பவர்கள் விலை வைக்கும்போது இதை மறக்கக் கூடாது. மின்சாரம் ஒரு கலவைக்கு, அதாவது சூடேற்றுவதையும் இரண்டு ஈடுகளையும் சேர்த்து, முக்கால் யூனிட்டுக்கு உள்ளாகவே முடியும்.

இனி நேரம். ஒரு குவிண்டால் கேழ்வரகை இம்முறையில் பிஸ்கட்டாக்க 1,000 கலவைகள் வேண்டும். கலவைக்கு இரண்டு ஈடு வீதம் 2,000 ஈடுகள். வைத்து எடுக்க ஈட்டுக்குக் கால் மணி என்றால் 500 மணி நேரம். நாளுக்கு ஐந்து மணி நேரம் உழைத்தாலும் 100 நாட்கள் ஆகும். ஆகவே, ஏர் பிரையர் உங்கள் விளைச்சலை விற்றுத் தராது. அது சந்தை அன்று. பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகளுக்கு வீட்டிலேயே தின்பண்டம் செய்யவும், அண்டை அயலாருக்கு வாரம் சில பொட்டலம் கொடுத்துப் பார்க்கவும், பெரிய முதலீட்டில் இறங்கும் முன் கைப்பழக்கமும் கலவையும் சரிபார்க்கவும் அது உதவும். அந்த அளவில் அது நல்ல கருவி. கேழ்வரகை மூட்டையாக விற்கும் வழிகளான நேரடிக் கொள்முதலையும் உழவர் உற்பத்தியாளர் நிறுவனங்களையும் கைவிட்டு இதை நம்ப வேண்டாம்.

சத்துக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன். ஒரு பிஸ்கட்டில் இருப்பது 6 கிராம் கேழ்வரகுதான். நான்கு பிஸ்கட் தின்றால் 85 மில்லிகிராம் சுண்ணாம்புச் சத்து கிடைக்கும். கூடவே வெல்லமும் நெய்யும் தலா 19 கிராம் அளவுக்கு உள்ளே போகும். 100 கிராம் மாவில் கிண்டிய களியில் அதைப் போல் நான்கு மடங்கு சத்து, வெல்லமும் நெய்யும் இல்லாமலே கிடைக்கிறது. ஆகவே பிஸ்கட் தின்பண்டமாக இருக்கட்டும். களியும் கூழும் உணவாக இருக்கட்டும்.

விற்பனை செய்ய விரும்புவோர்க்கு

வீட்டில் செய்து விற்பதானாலும் 2006ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தரநிர்ணயச் சட்டத்தின்படி பதிவு செய்து கொள்ள வேண்டும். பொட்டலத்தின் மேல் பண்டத்தின் பெயர், சேர்ந்துள்ள பொருட்கள், நிகர எடை, தயாரித்த நாள், எதுவரை பயன்படுத்தலாம், பதிவு எண், செய்தவர் முகவரி, சைவ உணவுக்குரிய பச்சைக் குறி ஆகியவை இருக்க வேண்டும். பொருட்களை எடையில் அதிகமானது முதலாக வரிசைப்படுத்தி எழுத வேண்டும். கடையில் வாங்கும் சிறுதானிய பிஸ்கட் பொட்டலங்களிலும் இந்த வரிசையைப் படித்துப் பாருங்கள். முதல் பெயர் மைதாவாக இருந்தால், அதில் எது அதிகம் என்று நீங்களே அறியலாம்.

இரண்டு பொய்களை நாம் எழுதக் கூடாது. கோதுமை கலந்திருந்தால் கோதுமை ஒவ்வாதவர்களுக்கு ஏற்றது என்று எழுதலாகாது. வெல்லம் சேர்ந்திருந்தால் நீரிழிவு நோயாளிகளுக்கு ஏற்றது என்று எழுதலாகாது, வெல்லமும் சர்க்கரையே. விளைவிப்பவனின் சொல்லுக்கு இன்னும் ஒரு மதிப்பு இருக்கிறது. நாற்பது ரூபாய்ப் பொட்டலத்துக்காக அதை இழந்துவிடக் கூடாது.

சிறுதானியப் பண்டங்களில் மேலும் பயிற்சி பெற விரும்புவோர் உங்கள் மாவட்ட வேளாண் அறிவியல் நிலையத்தையோ, திருவண்ணாமலை மாவட்டம் அத்தியந்தலில் உள்ள சிறுதானிய மகத்துவ மையத்தையோ அணுகலாம்.

நிறைவாக

கட்டிலுக்கடியில் அடுப்பு கிடக்கிறது என்று கேட்ட அந்தத் தாய்க்கு என் விடை இதுதான்: சுட முடியும், அம்மா. எட்டு எட்டாகச் சுடுங்கள். ஒரு மாதம் வைத்துப் பாருங்கள். சரியாக இருந்தால் பதினாறாக்குங்கள். கடன் வாங்கிப் பெரிய அடுப்பு வாங்கலாமா என்ற கேள்வியை நோட்டில் ஐம்பது ஈடுகள் எழுதிய பிறகு கேளுங்கள். அப்போது அதற்கு விடை சொல்ல நான் தேவைப்பட மாட்டேன். உங்கள் நோட்டே சொல்லும்.

உங்களிடம் கேட்க எனக்கும் ஒன்று உண்டு. தானியத்தைச் சேமிப்பதிலும் மாவைப் பக்குவம் செய்வதிலும் உங்கள் வீட்டுப் பெரியவர்கள் கையாண்ட முறைகளை எங்களிடம் சொல்லுங்கள். நாங்கள் கேட்க மறந்தாலும் நீங்களாகவே சொல்லுங்கள். கம்பு மாவின் செய்தியை நான் முன்பே கேட்டிருந்தால் 40 பொட்டலங்கள் திரும்பி வந்திருக்காது.